தண்ணி கேக்கிற இடம்

வாயைத் தொறக்காதீங்கண்ணே. டாக்டர் என்ன சொல்லிட்டுப் போனாரு? தாடையைக் கம்பி போட்டுக் கட்டியிருக்கு, அசைக்கவே கூடாதுன்னாரா இல்லையா? நீங்க கேட்டுக்கிட்டு இருந்தாப் போதும். பேசறதை நான் பேசறேன். எனக்கு உடைஞ்சது கைதானே.

கட்டில்ல தொங்கற சீட்டுல பேர் பார்த்தேன். ப. வீரையன். வண்டியில போய் விழுந்தீங்களா? ஹெல்மெட் போட்டிருந்தா தாடை தப்பிச்சிருக்கும். நம்ம ஊர்ல யார் சொன்னாக் கேக்கறாங்க. உங்கம்மா ரொம்ப நல்லவங்கண்ணே. காலையில மூக்கு டியூப்ல உங்களுக்குக் கஞ்சி ஊத்திட்டு, மிச்சத்தை ஆத்தி அந்த எவர்சில்வர் டம்ளர்ல எனக்கும் குடுத்தாங்க. இந்த ஆளுக்குன்னு ஒருத்தரும் வரலையேன்னு பார்த்திருப்பாங்க போல. மருந்து வாங்கத்தானே கீழ போயிருக்காங்க? வரட்டும், மெதுவா வரட்டும். வயசானவங்க.

வாசல்ல ஒரு போலீஸ்காரர் உக்காந்திருக்காரே, அவரைப் பார்த்துப் பயந்துடாதீங்க. எனக்குப் பாதுகாப்புக்குப் போட்டிருக்காங்க. பெரிய கலவரம்ணே. ஆனா பாருங்க, நான் எழுந்து பாத்ரூம் போயிட்டு வந்தாக்கூட அந்த ஆள் என்னைத் திரும்பிப் பார்க்கலை. உங்க கட்டிலையே பார்த்துக்கிட்டு இருக்காரு. இந்த லட்சணத்துல வேலை பார்க்கறாங்க.

மேல ஃபேன் கிடுக் கிடுக்குனு அடிக்குது, கேக்குதா? உங்களுக்குக் கேக்காது. எனக்கு அது மண்டைக்குள்ள ஆணி அடிக்கிற மாதிரி இருக்கு. தேவையில்லாத சத்தம்னா எனக்குக் கொலைவெறி வரும்ணே. சும்மா வாய்ப்பேச்சுக்குச் சொல்லலை. மாடி வீட்டுக்காரன் டிரில் மெஷின் போட்டான்னு படியேறிப் போய் அவன் சட்டையைப் பிடிச்சுச் சுவத்துல மோதியிருக்கேன். மூக்கு உடைஞ்சு ரத்தம் கொட்டுச்சு. அப்புறம் டிரில் சத்தம் வரலை. என் பொண்டாட்டிக்கு வளையல் ஆசை. நான் ஹெட்போனை மாட்டிக்கிட்டு வேலை செஞ்சுக்கிட்டு இருப்பேன், பின்னால வந்து கலகலன்னு காபி வெப்பா. எத்தனை தரம் சொல்றது? ஒரு நாள் கையைப் பிடிச்சு ஒரு முறுக்கு முறுக்கிட்டேன். வளையல் உடைஞ்சு கண்ணாடி சதையில ஏறிடுச்சு. அண்ணன் வீட்டுக்குப் போனவ போனவதான். அதுக்கு என்ன பண்றது, வீடு இப்ப நிம்மதியா இருக்கு. சுத்தமான அமைதி.

என்ன உத்தியோகம்னு பார்க்கறீங்க. பழைய ஒலிப்பதிவைக் காப்பாத்தற வேலை. சென்னையில ஒரு டிரஸ்டு இருக்கு, அங்க நான்தான் ஆவணக் காப்பாளர். பழைய கச்சேரி, மேடைப் பேச்சு, நாடகம், எல்லாம் டேப்புல மக்கிப் போய்க் கிடக்கும். ஸ்பூல் டேப் பழசாச்சுன்னா பிசுபிசுன்னு ஒட்டிக்கும்ணே. அப்படியே ஓடவிட்டா மேல இருக்கிற பூச்சு உரிஞ்சு வந்துடும். சத்தம் இருக்கிறதே அந்தப் பூச்சுலதான். அதனால ஒரு பெட்டிக்குள்ள இளஞ்சூட்டுல வெச்சு வாட்டி எடுக்கணும். வாட்டின பிறகு கொஞ்ச காலத்துக்குத்தான் உயிர். ஓடவிட்டுக் கம்ப்யூட்டர்ல ஏத்திக்கணும். ரொம்பக் கெட்டுப்போன டேப்புன்னா ஒரே தடவைதான் ஓடும், அதோட செத்துடும். அப்புறம் அதுல இருக்கிற இரைச்சல், கீறல், இருமல், நாய் குரைக்கிறது எல்லாத்தையும் ஒவ்வொண்ணா எடுக்கணும். கடைசியில கண்ணை மூடிக் கேட்டா வித்வான் மட்டும் உங்க முன்னால உக்காந்திருப்பாரு. சுத்துப்பட்டுல ஒரு ஈ காக்கா இருக்காது. அதுதான் என் வேலை. இந்தியாவுலேயே என் அளவுக்குச் சுத்தம் பண்றவன் கிடையாதுன்னு மேடையில சொல்லியிருக்காங்க.

அப்படித்தான் குறுவாடி டேப் என்கிட்ட வந்துச்சு. குறுவாடி தெரியுமா? ஏண்ணே, தலையை ஆட்டாதீங்க, கம்பி அசையும்.

அந்த ஊர்ப் பெரிய பண்ணை வீட்டுல அப்பவே டேப் ரெக்கார்டர் இருந்திருக்கு. எமர்ஜென்சி சமயம். தேர்த்திருவிழாவுல கோதண்டபாணின்னு ஒரு நாயனக்காரர், சிங்காரம்னு ஒரு தவில்காரர். மேலத் தெருவுல சாமி வந்து நின்ன இடத்துல ஷண்முகப்பிரியா வாசிக்கிறாங்க. பண்ணை வீட்டு மாடியிலேருந்து மைக்கைத் தொங்கவிட்டுப் பிடிச்சிருக்காங்க. என்ன வாசிப்புண்ணே அது! மொதல்ல நிதானமாத்தான் போகுது. அப்புறம் திடீர்னு ஒரு வெறி வருது பாருங்க. நாயனம் உச்சத்துல போய் ஒரு ஸ்வரத்தைப் பிடிச்சுக்கிட்டு விடவே மாட்டேங்குது, மூச்சு எங்கேருந்து வந்துச்சோ. தவில் இடி இடிக்குது. ரெண்டு பேரும் எதையோ விரட்டற மாதிரி வாசிக்கிறாங்க. நடுவுல பெரிய பண்ணையோட குரல் கேக்குது, "நிறுத்தாம வாசிங்கய்யா! சத்தம் பத்தலை! இன்னும் சத்தமா!" எப்பேர்ப்பட்ட ரசிகர் பாருங்க. அந்தக் குரலை மட்டும் நான் எடுக்கலை. அந்த வாசிப்போட சூடு அதுலதான் இருக்குன்னு அப்படியே வெச்சுட்டேன்.

ஆனா அதே இடத்துலதான் கழுத்தறுப்பு. அந்த உச்ச ஸ்தாயிக்குப் பின்னால யாரையோ போட்டு அடிக்கிற சத்தம். தடி சத்தம்ணே. காய்ஞ்ச மூங்கில். சதையில விழுந்தா ஒரு மாதிரி, எலும்புல விழுந்தா ஒரு மாதிரி, எனக்கு ரெண்டும் தனித்தனியாத் தெரியும். மொதல்ல, "பெரியய்யா, விட்டுடுங்க பெரியய்யா." அப்புறம் தடி. "கேக்கத்தாங்க வந்தேன்." தடி. தூரத்துல ஒரு பொம்பளை வீல்னு அலறுது. அப்புறம் வெறும் தடிதான், அடி மேல அடி, அந்த ஆள் குரல் மேல போகாம உள்ள இழுத்து உடையுது. கடைசியில நாயனம் மூச்சு வாங்கற இடத்துல தெளிவா, "தண்ணி." அவ்வளவுதான்.

இந்தக் கர்மத்தை எடுக்க நான் பட்ட பாடு இருக்கே. மனுஷக் குரலும் நாயனமும் ஒரே இடத்துல ஓடும்ணே. ஒண்ணை வெட்டினா இன்னொண்ணு காயப்படும். அதனால வெட்டி எடுத்ததை மட்டும் தனியாக் கேட்டுப் பார்ப்போம், அதுல நாயனம் கொஞ்சமாவது கலந்து போயிருக்கான்னு. நாள் பூரா அதைத்தான் கேட்டேன். தடி, ஐயா, தடி, அலறல், தண்ணி. எங்க மூச்சு, எங்க முனகல், எல்லாம் மனப்பாடம். அந்த ஆள் சத்தம் போடாம வாங்கியிருந்தா எனக்குப் பாதி வேலை மிச்சம். கடைசியில எடுத்துட்டேன். துடைச்சு வெச்ச மாதிரி. ஷண்முகப்பிரியா மட்டும் நிக்குது. நான் அழுதுட்டேண்ணே. நிஜமா. அவ்வளவு அழகு.

பெரிய பண்ணையோட மகன் சந்தானகிருஷ்ணன் சார்தான் எங்க டிரஸ்டுக்குத் தலைவர். முழுசாக் கேட்டாரு. அப்புறம் என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "இத்தனை வருஷமா இதுக்கு ஒரு வழி பொறக்கலையேன்னு இருந்தேன் சார்"னாரு. தங்கமான மனுஷன். இந்த வருஷத் திருவிழாவுல ஊர்லயே போட்டுக் காட்டணும்னாரு. அங்க அது ஒரு வழக்கமாம். வருஷா வருஷம் தேர் நிலைக்கு வந்ததும் அந்த டேப்பை மைக்செட்டுல போடுவாங்களாம். டேப் ஒட்டிப்போனதுக்கு அப்புறம் கொஞ்ச வருஷமாப் போடலை.

நானே மெஷினைத் தூக்கிக்கிட்டுப் போனேன். போன வாரம். சாயங்காலம், நல்ல வெளிச்சம். மேலத் தெருவுல மேடை. தெருவு முடியற இடத்துல ஒரு வாய்க்கால் ஓடுது. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் கீழத் தெரு ஜனம். அடேயப்பா, கட்டுக்கடங்காத கூட்டம்ணே. ஆம்பிளை, பொம்பளை, குழந்தை குட்டி, ஒருத்தர் பாக்கியில்லாம வாய்க்கால் கரையில வந்து நிக்குது. எல்லார் கையிலயும் சொம்பு. சொம்பு நிறையத் தண்ணி. நாயனத்துக்கு இவ்வளவு ரசிகர்களான்னு எனக்குப் பெருமை தாங்கலை.

மைக்செட் காரர்கிட்ட கேட்டேன், ஜெகபர்னு ஒருத்தர், "என்ன பாய், கையில தண்ணியோட நிக்கிறாங்க?"

அவர் ஒயரை முறுக்கிக்கிட்டே சொன்னாரு. "அவங்க எப்பவும் வருவாங்க சார். டேப்புல தண்ணி கேக்கிற இடம் வரும்ல, அப்ப எல்லாரும் சொம்பைக் கவுத்துத் தரையில ஊத்துவாங்க. பக்கிரின்னு அவங்க ஆளு. நாயனம் கேக்கணும்னு மேலத் தெருவுக்குள்ள வந்துட்டான். அடிச்சே கொன்னுட்டாங்க. பொண்டாட்டி குஞ்சம்மா அப்ப வயித்துப் புள்ளையோட வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் நின்னுச்சு. கேஸும் நிக்கலை, ஒண்ணும் நிக்கலை. ஒரு போட்டோகூடக் கிடையாது சார் அந்த ஆளுக்கு. புள்ளைக்கு அப்பன்னா இந்த டேப்புல வர்ற சத்தம்தான். பண்ணை வீட்டுல நாயனத்துக்காகப் போடுவாங்க. இவங்க அதுக்காக வந்து நிப்பாங்க."

நான் சிரிச்சுட்டேன். "அதெல்லாம் இப்ப வராது பாய். நான் எடுத்துட்டேன்"னேன்.

"எடுத்துட்டீங்களா?"

"துளிகூட இல்லை."

அந்த ஆள் மூஞ்சி செத்துப்போச்சு. "சார், போடாதீங்க சார். வேற எதாவது போட்டுக்கலாம்"னாரு. நான் விடுவேனா? உழைச்சவன் நான். நானே பட்டனை அழுத்தினேன்.

நாயனம் கிளம்புச்சு. ஊரே அடங்கிப் போச்சுண்ணே. ஒரு குழந்தை அழலை. அப்படி ஒரு அமைதியை என் ஜென்மத்துல கேட்டதில்லை. உச்சத்துக்குப் போகுது, பண்ணையோட குரல் வருது, "சத்தம் பத்தலை! இன்னும் சத்தமா!" வாய்க்கால் கரையில எல்லாரும் சொம்பைத் தூக்கிட்டாங்க. அந்த இடமும் வருது. நாயனம் மூச்சு வாங்குது. சுத்தமா. கண்ணாடி மாதிரி. நான் கண்ணை மூடிட்டேன். கைதட்டுவாங்கன்னு காத்துக்கிட்டு இருக்கேன்.

ஒரு கிழவி குரல் கேட்டுச்சு. "வரலையே. டேய், அவரு வரலையேடா."

அடுத்த நிமிஷம் வாய்க்கால்ல ஆள் இறங்கற சத்தம். ஒருத்தன் மேடையில ஏறிட்டான். "எங்கப்பன் சத்தம் எங்கடா?"ன்னு கேட்டுக்கிட்டே மெஷின்ல கையை வெச்சான். என் மெஷின்ல! மூஞ்சியெல்லாம் நான் பார்க்கலை, எனக்கு மூஞ்சி ஞாபகம் இருக்காது, சத்தம்தான். மைக் ஸ்டாண்டு பக்கத்துல இருந்துச்சு. அடியில இரும்புத் தட்டு, நல்ல கனம். தூக்கி ஒரே போடு. தாடையில விழுந்துச்சு. விண்டுச்சுன்னு சத்தத்தை வெச்சே சொல்லிட்டேன். அவன் கத்தினான் பாருங்க ஒரு கத்து, அதை எங்கயோ கேட்ட மாதிரி இருந்துச்சு. யோசிக்க எங்க நேரம்? இன்னொரு தரம் ஓங்கினேன். அதுக்குள்ள சொம்பு பறந்து வருது, கல்லு பறந்து வருது. பண்ணை ஆளுங்க கம்போட வந்துட்டாங்க. ஒருத்தனுக்கு மண்டை பிளந்து என் சட்டை பூரா ரத்தம். பந்தல்ல தீ வெச்சுட்டாங்க. யாரு வெச்சதுன்னு யாருக்குத் தெரியும். என்னைக் கீழ தள்ளி, இந்தக் கை மேலயே ஏறி ஏறி மிதிச்சாங்கண்ணே. ஒவ்வொரு விரலா முறியறதை நான் கேட்டேன். அப்புறம் போலீஸ் வந்து கீழத் தெருவுக்குள்ள பூந்து வெளுத்துச்சு. வீடு வீடா. கேக்க நல்லாவே இல்லை, ஆனா வேற வழி?

என் மெஷின், ஹார்டு டிஸ்க், எல்லாம் அந்தத் தீயில போச்சு. மூல டேப்பு என்கிட்ட ஓடினதோட பூச்சு உரிஞ்சு வெறும் பிளாஸ்டிக். இத்தனைக்கும் எதுக்குன்னு கேக்கறேன். ஒரு சங்கீதத்தைக் காப்பாத்திக் குடுத்தேன். அது ஒரு குத்தமா? இதுங்களுக்குச் சங்கீதம்னா என்னன்னு தெரியுமா? அந்தப் பக்கிரியும் நாயனம் கேக்க வந்தவன்தானே. வந்தவன் ஓரமா நின்னு கேட்டுட்டுப் போயிருக்கலாம்.

ஏண்ணே, கண்ணு இப்படிச் செவந்திருக்கு உங்களுக்கு? ஊசி போட்டதுனாலயா?

உங்ககிட்ட ஒரு உதவி கேக்கணும். காலையில சந்தானகிருஷ்ணன் சார் போன் பண்ணாரு. உடம்பு எப்படி இருக்குன்னு கேப்பாருன்னு பார்த்தேன். "அந்தச் சத்தம் வேற எங்கயாவது இருக்கா? அதுல எங்கப்பாவைக் கூப்பிடறது விழுந்திருக்கா?"ன்னாரு. கீழத் தெருக்காரங்க வக்கீல் வெச்சிருக்காங்களாம், பழைய கொலையைக் கிளப்பறாங்களாம். "விழுந்திருக்கு சார், 'பெரியய்யா'ன்னு தெளிவா இருக்கு"ன்னேன். "உடனே அழிச்சுடுங்க"ன்னாரு. இருக்கிறது ஒரே இடத்துலதான், இந்தப் போன்ல. காலேஜ்ல பேசப் போனா நான் மூணையும் போட்டுக் காட்டுவேன். முன், பின், குப்பை. முன்னுங்கறது சுத்தம் பண்றதுக்கு முன்னால இருந்த டேப்புல ஆரம்பத்துத் துணுக்கு மட்டும், அடி சத்தம் அதுல வராது. பின்னுங்கறது சுத்தம் பண்ணது. குப்பைங்கறது நான் வெட்டி எடுத்தது மொத்தமும். பிள்ளைங்க கைதட்டும்.

இந்த இடது கையால அழிக்கப் போனா 'பின்'னும் சேர்ந்து போயிடும்ணே, எனக்கு வராது. உங்க ரெண்டு கையும் நல்லா இருக்கு. குப்பையை மட்டும் பார்த்து அழிச்சுக் குடுங்க. இந்தாங்க. அதுக்கு முன்னால ஒரு தரம் கேட்டுடுங்க. எவ்வளவு சத்தத்தை எடுத்திருக்கேன்னு உங்களுக்கும் தெரியணும்ல. இந்த இயர்போனை மாட்டிக்குங்க. மெதுவா, கட்டு மேல படாம.

ஓடுதா? தடி கேக்குதா? ம், இப்ப அந்தப் பொம்பளை அலறும். நாயனம் ஒரு பொட்டு கலந்திருக்கா சொல்லுங்க. இருக்காது.

முடிஞ்சுதா? சரி, அழிச்சுடுங்க. கீழ ஒரு குப்பைத்தொட்டி படம் இருக்கும், அதை அழுத்துங்க.

ஏண்ணே போனை நெஞ்சோட அமுக்கிப் பிடிச்சிருக்கீங்க? குடுங்க. விளையாடாதீங்க, குடுங்கண்ணே.

என்ன அது? என்ன சத்தம்? நீங்களா? அழாதீங்கண்ணே, கம்பி போட்ட வாயி. வேண்டாம், அந்தச் சத்தம் போடாதீங்க. மேல போகாம உள்ள இழுத்து... இது எனக்குத் தெரியும். இந்த இழுப்பு, இந்த உடையற இடம், எனக்கு மனப்பாடம். அண்ணே, நீங்க வண்டியில விழலையா? நீங்க எந்த ஊரு?

அம்மா, வந்துட்டீங்களா. பாருங்கம்மா, உங்க மகன் என் போனை வெச்சுக்கிட்டுக் குடுக்க மாட்டேங்கறாரு. கொஞ்சம் சொல்லுங்க. ஏண்ணே, அதை ஏன் அவங்க காதுல வெக்கறீங்க? வேண்டாம். அம்மா, அதைக் கேக்காதீங்கம்மா, அது வெறும் குப்பைம்மா. சார், போலீஸ்காரரே, இங்க வாங்க சார்.

அம்மா. எதாவது பேசுங்கம்மா. எனக்குப் பயமா இருக்கு. டம்ளரை எதுக்கு எடுக்கறீங்க? தாகமா இருக்கா? ஐயோ, ஏம்மா தண்ணியைத் தரையில ஊத்தறீங்க?

என்னை அப்படிப் பார்க்காதீங்கம்மா. அந்த டம்ளர்லதானே காலையில எனக்குக் கஞ்சி குடுத்தீங்க.